மூணு அண்ணன் தம்பி, ஒரே குலுக்கல்

டேய் பேராண்டி, கையைக் காட்டு. தாடியும் மின்னலுமா இன்னாடா இது, பச்சை குத்திக்கினு வந்திருக்கே? ஜீயஸா? கிரேக்க நாட்டு வானத்து ராஜாவா? சரிதான். பழவேற்காட்டு ஏரியில இடி இடிக்கிறப்ப நட்டநடுவுல கம்பு ஊனி நிக்கிறவனுக்கு ஏத்த துணைதான்.

அந்த ஆளு கதை எனக்கும் தெரியும்டா, முழிக்காதே. அப்பனைக் கவுத்துட்டு அண்ணன் தம்பி மூணு பேரும் சொத்துப் பிரிச்சாங்க. எப்படி? சீட்டுக் குலுக்கி. ஹோமரோட காவியத்துல அப்படித்தான் வருது. வானம் ஜீயஸுக்கு, கடல் போசைடனுக்கு, பாதாளம் ஹேடிஸுக்கு. பூமியும் ஒலிம்பஸ் மலையும் பொது. நாம ஏரியில சீட்டுக் குலுக்கி, மீன் பிடிக்கிற இடத்தைப் பாடுன்னு பிரிக்கிற மாதிரியே இருக்குதா? அங்கேதான் ஏமாந்தே.

நம்மகிட்ட முகத்துவாரத்துப் பக்கம் இறால் அள்ளுற இடம் ஒருத்தனுக்கே நிலைச்சு நிக்காது. தலைக்கட்டுக்குத் தலைக்கட்டு முறை மாறும். இன்னைக்கு நல்ல இடத்துல வலை கட்டினவன் நாளைக்கு வேற இடத்துல சேறு மிதிப்பான். வெளியாளுக்கு இதுல பங்கில்லேன்னு சண்டை வந்ததும் உண்டு, நான் மறைக்கலே. உன் ஜீயஸ் ஒரே தரம் சீட்டு எடுத்தான், அதோட குலுக்கலையே மூடிட்டான். பொதுவா விட்ட பூமியிலயும் அவனே நாட்டாமை. டிராய் சண்டையிலேர்ந்து ஒதுங்குன்னு கடல்காரனுக்கே ஆள் அனுப்பினான். அவன் பங்கோட அவன் நிக்கட்டுமேன்னு போசைடன் முனகிக்கினே கடலுக்குள்ள போனான். இவ்வளவும் போதாம, ஐயா காளையா ஒரு பொண்ணுகிட்ட, அன்னமா ஒருத்திகிட்ட, பொன்மழையா இன்னொருத்திகிட்ட. வீட்டுக்காரி ஹீரா பாவம்.

நம்ம இந்திரன் யோக்கியனான்னு கேட்காதே, அகலிகை கதை ஊருக்கே தெரியும். ஆனா புராணக்காரன் விவரமானவன். இந்திரன்கிறதைப் பதவியா வெச்சுட்டான். மன்வந்தரத்துக்கு ஒரு இந்திரன். நடுவுல நகுஷன் ஏறி உட்கார்ந்து, முனிவருங்களையே பல்லக்குத் தூக்க வெச்சான், பாம்பாகி விழுந்தான். அதுவும் பாடுதான்டா, முறைதான் கொஞ்சம் நீளம்.

இப்ப நம்ம வானத்துக்கு அதிகாரி ஸ்ரீஹரிகோட்டாவுல இருக்கான். ராக்கெட் விடுற அன்னைக்குக் கடலுக்குப் போகாதேன்னா போகக்கூடாது. அதையும் குத்திக்கிறதுதானே, இடது கை சும்மாதானே கிடக்குது?

சரி, குத்தினது குத்தினதுதான். அடுத்த குலுக்கலுக்கு நீ போய் உட்காரு, எனக்கு முழங்கால் ஒத்துக்கலே. வர்ற சீட்டை வாயை மூடிக்கினு வாங்கு. போற வழியில ஊர் வரி பாக்கியையும் கட்டிடு.