ஐரிஷ் குடியரசுப் படைக்கு ஒரு வாழ்த்து மடல்

அயர்லாந்தின் விடுதலைக்காக ஆயுதம் ஏந்திய குடியரசுப் படையினரே! உங்களை இகழ்ந்து எழுதப் பலர் இருக்கிறார்கள். உங்கள் பெருமைகளை வரிசைப்படுத்திச் சொல்லவும் ஒருவர் வேண்டாமா? இந்த மடலில் கற்பனை ஒன்றும் இல்லை. எல்லாம் நீங்களே செய்துகாட்டியவை.

முதலில் உங்கள் முன்னோர் பக்தியைப் போற்றுகிறேன். 1916 ஏப்ரல் 24 அன்று டப்ளின் தலைமை அஞ்சலகத்தின் முன்னே நின்று குடியரசுப் பிரகடனத்தை வாசித்த பாட்ரிக் பியர்ஸ், மறைந்துபோன தலைமுறைகளின் பெயரால் மக்களை அழைத்தார். அந்த எழுச்சியில் மாண்டவர்களில் பாதிக்கும் மேற்பட்டோர் ஆயுதம் தொடாத பொதுமக்கள். பிரிட்டிஷார் மே மாதம் 15 பேரைச் சுட்டுக்கொன்று, கலங்கி நின்ற நாட்டை உங்கள் பக்கம் தள்ளிவிட்டார்கள். 1918 தேர்தலில் அயர்லாந்தின் 105 இடங்களில் 73ஐ, குடியரசு கேட்ட சின் ஃபெயின் கட்சி வென்றது. உயிரோடிருப்பவர்கள் உங்கள் கொடிக்கு மனமுவந்து தந்த வாக்கு அது.

1922இல் அதே மக்கள் பிரிட்டனுடன் செய்துகொண்ட ஒப்பந்தத்தின் பக்கம் சாய்ந்தார்கள். அன்றுமுதல் உங்களில் ஒப்பந்தத்தை ஏற்காதவர்கள் அவர்களைக் கேட்டுக்கொண்டு நிற்கவில்லை. நேற்றுவரை பிரிட்டனுக்கு எதிரான போரை நடத்தி, பின் ஒப்பந்தத்தை ஆதரித்த மைக்கேல் காலின்ஸை ஆகஸ்ட் 22 அன்று அவருடைய சொந்தக் கார்க் மாவட்டத்திலேயே சுட்டு வீழ்த்தினீர்கள். 1938 டிசம்பரில், ஒப்பந்தத்துக்கு முந்தைய பழைய இரண்டாம் நாடாளுமன்றத்தில் எஞ்சியிருந்த ஏழு பேர் நாட்டின் ஆட்சியுரிமையையே உங்கள் படைக்குழுவுக்கு எழுதிக்கொடுத்தார்கள். நாற்பது லட்சம் பேருக்கு மேல் வாழ்ந்த தீவு அது. உங்களுக்கு ஏழு பேரின் ஒப்புதல் போதுமானதாக இருந்தது. அடுத்த மாதமே பிரிட்டன்மீது போர் அறிவித்தீர்கள். ஆகஸ்டில் கோவென்ட்ரி கடைத்தெருவில் சைக்கிளில் வைத்த குண்டு வெடித்து ஐந்து பேர் மாண்டார்கள். இத்தனை பெரிய அதிகாரத்தை இத்தனை குறைவான வாக்கில் பெற்றவர்கள் உலகில் அரிது.

அடுத்தது உங்கள் போர் அறம். பிரிட்டனின் ஆட்சியிலேயே நீடித்த வட அயர்லாந்தில் கத்தோலிக்கருக்கு வீடும் வேலையும் வாக்கும் நியாயமாகக் கிடைக்காத காலத்தில், 1969 டிசம்பரில் பிரிந்து வந்த தற்காலிகப் பிரிவினர் நீங்கள். உங்கள் கோபத்துக்குக் காரணம் இருந்தது. 1972 ஜனவரி 30 அன்று டெர்ரியில் பிரிட்டிஷ் படை ஊர்வலக்காரர்களைச் சுட்டு 13 பேரை அங்கேயே கொன்றது. காயமுற்ற ஒருவர் பின்னர் இறந்தார். உங்களிடம் சேர இளைஞர்கள் திரண்டு வந்தார்கள். அந்த வலிமையை நீங்கள் எங்கே செலவிட்டீர்கள் என்பதில்தான் உங்கள் அறம் தெரிகிறது.

குண்டு வைத்தால் முன்கூட்டியே தொலைபேசியில் சொல்லிவிடுவது உங்கள் வழக்கமாக இருந்தது. எந்தப் படையிடமும் எளிதில் காணாத பண்பு! அதே ஆண்டு ஜூலை 21 அன்று பெல்ஃபாஸ்ட் நகரில் ஒன்றரை மணி நேரத்துக்குள் ஏறக்குறைய இருபது குண்டுகளை வெடிக்கச் செய்தீர்கள். எச்சரிக்கைகளும் குவிந்தன. ஒரு குண்டுக்குத் தப்பி ஓடியவர்கள் இன்னொரு குண்டை நோக்கி ஓடும்படி ஆயிற்று. ஒன்பது பேர் இறந்தார்கள், 130 பேர் காயமுற்றார்கள். பத்து நாள் கழித்து கிளாடி என்ற சிற்றூரில் மூன்று கார்களில் குண்டு வெடித்தபோது எச்சரிக்கை வந்து சேரவேயில்லை. தகவல் சொல்லப் போனவர்களுக்கு வேலை செய்யும் தொலைபேசி கிடைக்கவில்லை. அங்கும் ஒன்பது பேர். அவர்களில் ஒரு சிறுமிக்கு வயது எட்டு.

மூன்றாவது, உங்கள் அடக்கம். 1976 ஜனவரி 5 மாலை, தெற்கு ஆர்மாவின் கிங்ஸ்மில் அருகே, ஆலை வேலை முடிந்து வீடு திரும்பிய தொழிலாளர்களின் வேனைத் துப்பாக்கிக்காரர்கள் மறித்தார்கள். முந்தின நாள் பிரிட்டிஷ் ஆதரவு ஆயுதக்காரர்கள் சுட்டதில் ஆறு கத்தோலிக்கர் மாண்டார்கள். ‘உங்களில் கத்தோலிக்கன் யார்?’ என்று வேனை மறித்தவர்கள் தொழிலாளர்களைக் கேட்டார்கள். அவரைத்தான் கொல்லப்போகிறார்கள் என்று எண்ணி, பக்கத்தில் நின்ற புராட்டஸ்டண்டுத் தோழர்கள் அவர் தன்னை வெளிக்காட்டிக்கொள்ளாதபடி தடுக்கப் பார்த்தார்கள். அவரை மட்டும் ஓடச் சொல்லிவிட்டு மற்றவர்களைச் சுட்டார்கள். பத்துப் பேர் மாண்டார்கள். பதினெட்டுக் காயங்களோடு ஒருவர் பிழைத்தார்.

இந்தச் செயலுக்கு உங்கள் பெயரில் நீங்கள் பொறுப்பேற்கவில்லை. வேறொரு பெயரில் அறிக்கை வந்தது. உங்கள் ஆட்களே செய்தார்கள் என்று 2011இல் காவல்துறையின் வரலாற்று விசாரணைக் குழு சொல்லும்வரை காத்திருக்க வேண்டியதாயிற்று. கத்தோலிக்கரையும் புராட்டஸ்டண்டுகளையும் ஐரிஷ்காரர் என்ற ஒரே பெயரில் இணைக்கக் கனவு கண்ட வுல்ஃப் டோனின் கல்லறைக்கு ஆண்டுதோறும் போய்த் தலைவணங்குகிறவர்கள் நீங்கள். அவர் கேட்ட ஒற்றுமை அன்று அந்தச் சாலையோரத்தில் இருந்தது. நண்பனை மறைக்கப் பார்த்த அந்தத் தொழிலாளர்களிடம் இருந்தது.

நான்காவது, தியாகத்துக்கு ஆள் சேர்க்கும் உங்கள் திறமை. 1981இல் சிறையில் உங்கள் உறுப்பினர் பாபி சாண்ட்ஸ் 66 நாள் உண்ணாமலிருந்து மே 5 அன்று உயிர்விட்டார். அவரைத் தொடர்ந்து ஒன்பது பேர் போனார்கள். பிரிட்டனின் தாட்சர் அரசு இரங்கவில்லை. உண்ணாநோன்பின் நடுவே சாண்ட்ஸ் நாடாளுமன்ற உறுப்பினராகத் தேர்ந்தெடுக்கப்பட்டார். உங்கள் இயக்கம் வாக்குப்பெட்டியின் வலிமையை உணர்ந்த நாள் அது. அந்தப் பத்துப் பேர் தந்தது சொந்த உயிர். ஒன்பது ஆண்டு கழித்து, 1990 அக்டோபரில், டெர்ரியைச் சேர்ந்த ஒருவரின் குடும்பத்தைப் பிணையாக வைத்துக்கொண்டு, அவரை குண்டு நிரப்பிய வேனில் கட்டி காஷ்குவின் சோதனைச் சாவடிக்கு ஓட்டிப்போகச் செய்தீர்கள். அவர் செய்த குற்றம் ராணுவ முகாமில் சமையல் வேலை பார்த்தது. அவரும் ஐந்து படைவீரர்களும் சிதறினார்கள். அவரும் ஒரு கத்தோலிக்கர். மற்றவர் உயிரை இவ்வளவு தாராளமாகத் தியாகம் செய்தவர்கள் எவருமில்லை.

ஐந்தாவது, ரகசியம் காக்கும் ஆற்றல். 1972 டிசம்பரில் பெல்ஃபாஸ்டின் டிவிஸ் குடியிருப்பிலிருந்து பத்துப் பிள்ளைகளின் தாயான ஒரு கைம்பெண்ணை இழுத்துச் சென்றீர்கள். பிள்ளைகள் ஆளுக்கொரு காப்பகமாகப் பிரிக்கப்பட்டார்கள். அம்மா எங்கே என்று கேட்ட பிள்ளைகளுக்கு இருபத்தாறு ஆண்டுகளுக்கும் மேல் நீங்கள் வாய் திறக்கவில்லை. கடைசியில் 1999இல் ஒரு கடற்கரையைக் காட்டினீர்கள், தோண்டியும் கிடைக்கவில்லை. 2003இல் லவுத் மாவட்டத்தின் வேறொரு கடற்கரையில் நடக்கப் போனவர்கள் கண்ணில் எலும்புகள் பட்டன. அவர் உளவு சொன்னார் என்றீர்கள். காவல்துறை மீதான புகார்களை விசாரிக்கும் அதிகாரி 2006இல், அதற்கு ஆதாரமே இல்லை என்று அறிவித்தார். இப்படிக் காணாமலாக்கப்பட்டவர்களில் சிலரின் உடல் இன்னும் வீடு வரவில்லை.

உளவாளிகளைக் கண்டுபிடித்துக் கொல்வதற்கென்றே நீங்கள் ஒரு பிரிவு வைத்திருந்தீர்கள். சொந்தத் தெருக்களின் பிள்ளைகளை விசாரித்து, தலையில் சுட்டு, எல்லைப்புறச் சாலைகளில் போட்ட பிரிவு. அதன் முக்கியப் பொறுப்பில் இருந்தவர் பிரிட்டிஷ் ராணுவத்தின் ஒற்றர். ரகசியப் பெயர் ‘ஸ்டேக்நைஃப்’. அவரால் காப்பாற்றப்பட்ட உயிர்களைவிடப் பறிபோன உயிர்களே அதிகம் என்று 2024இல், அவருடைய செயல்களை ஆராய்ந்த கெனோவா விசாரணை கூறியது. அதில் பிரிட்டிஷ் அரசின் பங்கு பெரிது. அந்த அரசையும் இதே மூச்சில் வாழ்த்துகிறேன். ஐரிஷ்காரர்களை ஐரிஷ்காரர்களின் கையாலேயே கொல்லும் வேலையில், எண்ணூறு ஆண்டுப் பகை கொண்ட இருவர் கைகோத்து நின்றீர்கள்.

ஆறாவது, சீடர்களை உருவாக்கிய ஆசிரியப் பணி. நீங்கள் போரை நிறுத்த முனைந்ததும் உங்கள் பயிற்சியில் வளர்ந்தவர்கள் பிரிந்துபோய் ‘மெய்யான’ ஐ.ஆர்.ஏ. என்று பெயர் வைத்துக்கொண்டார்கள். 1998 ஆகஸ்ட் 15, சனிக்கிழமை, ஓமா நகரில் அவர்களும் உங்களைப் போலவே முன்கூட்டி எச்சரித்தார்கள். இடம் தவறிச் சொன்ன அந்த எச்சரிக்கையால் காவலர்கள் மக்களைக் குண்டு இருந்த பக்கமே அனுப்பினார்கள். 29 பேர் இறந்தார்கள். ஒரு கர்ப்பிணியின் வயிற்றிலிருந்த இரட்டைக் குழந்தைகள் அந்தக் கணக்கில் சேரவில்லை. 2019 ஏப்ரலில் டெர்ரியில் ‘புதிய’ ஐ.ஆர்.ஏ.யின் துப்பாக்கிக் குண்டுக்கு 29 வயதுப் பத்திரிகையாளர் லைரா மெக்கீ பலியானார். 1998 அமைதி ஒப்பந்தத்தின் கீழ் வளர்ந்த தலைமுறையைப் பற்றி எழுதிவந்தவர் அவர். எந்தத் தேர்தலிலும் யாரும் அனுப்பாதவர்கள் நாட்டின் பெயரால் சுடலாம் என்ற பாடத்தை நீங்கள் நன்றாகவே கற்றுக்கொடுத்திருக்கிறீர்கள்.

எல்லாவற்றிலும் மேலானது உங்கள் பொறுமை. 1973 டிசம்பரில் சன்னிங்டேல் உடன்பாடு கையெழுத்தானது. இரு சமூகமும் சேர்ந்த அமைச்சரவை, தெற்கையும் வடக்கையும் இணைக்கும் பேரவை, பெரும்பான்மையின் சம்மதமின்றி வடக்கின் நிலை மாறாது என்ற உறுதி, மூன்றும் அதில் இருந்தன. வடக்கின் மிதவாதத் தேசியவாதியான ஜான் ஹியூமும் அவர் கட்சியினரும் ஒரு துப்பாக்கியும் இல்லாமல் பேசிப் பெற்றது அது. நீங்கள் அதைத் துரோகம் என்று தள்ளி, குண்டு வைப்பதைத் தொடர்ந்தீர்கள். மறுபக்கத்துத் தீவிரவாதிகள் 1974 மே மாத வேலைநிறுத்தத்தால் அதைக் கவிழ்த்தார்கள். 1998 ஏப்ரல் 10 அன்று, புனித வெள்ளியில், ஏறக்குறைய அதே மூன்றும் மீண்டும் மேசைக்கு வந்தன. இம்முறை உங்கள் இயக்கம் ஏற்றுக்கொண்டது. தெற்கில் 94 விழுக்காட்டினரும் வடக்கில் 71 விழுக்காட்டினரும் ஆம் என்றார்கள். ஹியூம் ஒரே நாளில் புரிந்துகொண்டதை நீங்கள் நிதானமாக, கால் நூற்றாண்டு எடுத்துக்கொண்டு புரிந்துகொண்டீர்கள்.

2005 ஜூலை 28 அன்று ஆயுதப் போரை முடித்துக்கொள்வதாக அறிவித்தீர்கள். செப்டம்பரில் உங்கள் ஆயுதங்கள் செயலிழக்கச் செய்யப்பட்டதை, அதைக் கண்காணித்த ஜெனரல் ஜான் டி ஷாஸ்டலேன் உறுதிசெய்தார். உங்கள் வரலாற்றிலேயே மிகப் பெரிய வீரச்செயல் இது என்று முழு மனத்தோடு சொல்கிறேன். நிறுத்துவதற்குத் துணிவு வேண்டும். அது உங்களிடம் இருந்தது. அந்தத் துணிவுக்கான வாழ்த்தை நீங்கள் 1973 டிசம்பரிலேயே பெற்றிருக்கலாம். அதற்குப் பிறகு எல்லாத் தரப்பாலும் கொல்லப்பட்டவர்கள் மட்டும் இரண்டாயிரத்துக்கும் மேல். அவர்களில் பலர் இன்று உயிரோடு இருந்து, உங்களை வாழ்த்த என் ஒருவனின் மடல் போதும் என்ற நிலை வராமல் செய்திருப்பார்கள்.