கேள்வி-பதில்: குறைவாகப் பேசிய கிக்கர்

கே: அமெரிக்கக் கால்பந்தில் கிக்கருக்கு அப்படியென்ன பெரிய வேலை?

ப: மற்றவர்கள் மூன்று மணி நேரம் மோதியும் முடியாத ஆட்டத்தை ஒரே உதையில் முடிப்பது. அல்லது கெடுப்பது.

கே: கிக்கராக ஆடி வர்ணனையாளரான பேட் சம்மரால் என்றால் உருகிவிடுகிறீர்களே, ஏன்?

ப: 1930-இல் ஃப்ளோரிடாவில் அவர் பிறந்தபோது வலது பாதம் பின்பக்கமாகத் திரும்பியிருந்தது. மருத்துவர் எலும்பை உடைத்துத் திருப்பி வைத்தார். 1958 டிசம்பர் 14, யாங்கி ஸ்டேடியம், கொட்டும் பனி. அந்தக் காலால்தான் 49 கெஜ தூரத்திலிருந்து ஃபீல்ட் கோல் அடித்தார். அவருடைய அணி நியூயார்க் ஜயன்ட்ஸ் 13, கிளீவ்லேண்ட் பிரவுன்ஸ் 10. சமனில் முடிந்திருந்தால் பட்டப் போட்டியிலிருந்து ஜயன்ட்ஸ் வெளியே. சற்று முன்புதான் ஓர் உதையைத் தவறவிட்டிருந்தார். பயிற்சியாளர் குழுவில் இருந்த வின்ஸ் லம்பார்டிக்கே இந்த உதையில் நம்பிக்கை இல்லை. உருகாமல் என்ன செய்ய?

கே: ஆட்டக்காரரான அவர் கைக்கு மைக் வந்தது எப்படி? சிபாரிசா?

ப: ஒரு போன் அழைப்பு. வானொலிக் குரல் தேர்வுக்குக் கூப்பிட்டது அறைத்தோழர் சார்லி கானர்லியை. எடுத்தவர் சம்மரால். நீங்களும் வாருங்களேன் என்றார்கள். போனார், வேலை இவருக்குக் கிடைத்தது. 1962 முதல் சிபிஎஸ் தொலைக்காட்சி.

கே: வர்ணனையில் அவர் அவ்வளவு சுருக்கமாகப் பேசியது சோம்பலால்தானே?

ப: இல்லவே இல்லை! ஆடி ஓய்ந்தவர்கள் பெரும்பாலும் விளக்கம் சொல்லும் நாற்காலியில்தான் உட்காருவார்கள். இவரும் அங்கேதான் தொடங்கினார். 1974-இல் நேர்முக வர்ணனைக்கு மாறினார். அது கடினமான இடம். பந்து யாரிடம், எத்தனை கெஜம், இன்னும் எவ்வளவு நேரம் என்பதை நொடிக்கு நொடி சொல்ல வேண்டும். அதை மூன்று நான்கு சொற்களில் சொல்லிவிட்டு ஒதுங்கிக்கொள்வார். படம் தெரிகிறது, அதற்கு மேல் எதற்குப் பேச்சு? அந்த இடைவெளியில்தான் 1981-இலிருந்து கூடவே இருந்து விளக்கம் சொன்ன ஜான் மேடனால் திரையில் கோடு கிழித்து ஆர்ப்பரிக்க முடிந்தது. தனக்கு இடம் கேட்காமல் பக்கத்து நாற்காலிக்காரருக்கு இடம் விட்டவர் சம்மரால். அதை நான் பெரிய குணமாக மதிக்கிறேன். இருவரும் சேர்ந்து வர்ணித்த கடைசி ஆட்டம் 2002 சூப்பர் பவுல். ஆடம் வினாட்டியேரியின் 48 கெஜ உதையில் பேட்ரியட்ஸ் வென்றது. ஒரு கிக்கர் உதைக்க, இன்னொரு கிக்கர் சொன்னார். அங்கேயும் சில சொற்கள்தான்.

கே: குடிப்பழக்கம் இருந்ததாமே?

ப: இருந்தது, அவர் மறைக்கவில்லை. 1992-இல் சிகிச்சை பெற்று விட்டொழித்தார். 2004-இல் கல்லீரல் மாற்று. 2013 வரை வாழ்ந்தார்.

கே: இன்று அவர் இடத்தில் யார்?

ப: காலால் பிழைத்து மைக்குக்கு வந்தவர் என்றால் பேட் மெக்காஃபி. 2009 முதல் 2016 வரை இண்டியானாபோலிஸ் கோல்ட்ஸில் பன்ட்டர், அதாவது பந்தைத் தூர உதைத்து எதிரணிக்கு விடுபவர். 2023 முதல் அவர் நிகழ்ச்சி ஈஎஸ்பிஎன்-இல். இவர் கையில்லாத பனியனோடு வந்து ஓயாமல் பேசுகிறார், லட்சக்கணக்கானோர் கேட்கிறார்கள். திறமைசாலி, சந்தேகமில்லை. ஆனால் ஆட்டம் பார்க்க உட்கார்ந்தால் எனக்குச் சம்மரால்தான் வேண்டும்.