உன்ற மூஞ்சி ஊருக்கே தெரியுங் கண்ணு

ஏங்கண்ணு, ஐடி வேலைய உட்டுப்போட்டு சினிமாவுல நடிக்கப் போறயாமா? உங்கொம்மா மூக்கச் சிந்தீட்டு வந்து சொன்னா. நா ஒண்ணுஞ் சொல்லுல. சரவணம்பட்டி சிக்னல்ல அத்தன நேரம் வண்டிக்குள்ள உக்காந்துட்டு, ஊட்டுக்கு வந்து சிரிக்கற பாரு, அதுக்கே ஒரு விருது தரலாம்.

ஆனா மசாலாப் படம் ஆவாது, எதார்த்தப் படந்தான் வேணும்ங்கறயாமா. அங்கதாஞ் சாமி இடிக்குது.

காக்கா முட்டை படத்துக்கு டைரக்டரு மணிகண்டன் யாரப் புடிச்சாரு? அதுக்கு முந்தி ஒருத்தருக்கும் தெரியாத ரமேசு, விக்னேசுன்னு ரெண்டு பசங்கள. தேசிய விருதே வாங்கிப்போட்டாங்க. கூழாங்கல்லுல குடிகார அப்பங்கூட வெயில்ல நடக்கறானே செல்லப்பாண்டி, அந்தப் படம் 2021-ல ராட்டர்டாம் போயி டைகர் விருது வாங்குச்சு. அந்தப் பையன் எந்த ஜிம்முக்குப் போனான்?

நீயே ஒரு டென்மார்க்குப் படம் போட்டுக் காட்டுனயே, அறிவு மரம்னு. கீழ ஓடற எழுத்த நா படிக்கறதுக்குள்ள ஆளு மாறிப்போச்சு. ஆனா ஒண்ணு புரிஞ்சுது. நில்ஸ் மால்ம்ரோசுங்கறவரு பள்ளிக்கோடத்துப் புள்ளைகள வெச்சு, ரெண்டு வருசமா, அதுக வளர வளர எடுத்திருக்காரு. வகுப்பே ஒதுக்கி வெக்கற அந்த எலின் புள்ளயப் பாக்கையில எனக்கு வகுறு கலங்கிப்போச்சு. அதோட சொந்தப் பேரு உனக்கு நெனப்பிருக்குதா? முழிக்கற பாரு. அதான் கண்ணு அந்த வேலைக்குத் தகுதி. பேரு தெரியாத மூஞ்சி வேணும்.

நீ என்னடான்னா பல்லு வெளக்கறதக்கூட ரீல்ஸ் போட்டு வெச்சிருக்கற. டீக்கடக்காரன் என்னயப் பாத்து, "உங்க பேரனுக்கு நேத்து லைக்கு கொறஞ்சு போச்சுங்களே"ங்கறான். மொதல்ல அந்த எழவையெல்லாம் அழி. அஞ்சு வருசம் ஒருத்தரு கண்ணுலயும் படாத. பொறவு எவனாச்சும் டைரக்டரு வந்து உன்னயக் கண்டுபுடிக்கட்டும்.

நம்ம கொங்குப் பேச்சுலயே சேத்துமான் வந்துதல்லோ, பெருமாள்முருகன் கதை. எல்லாரும் பேரன் குமரேசனப் பாத்தாங்க. நா கூடை பின்னற தாத்தனத்தாம் பாத்தேன். நடிச்சவரு பேரு மாணிக்கமாமா. அத உடு, கடைசி விவசாயில நல்லாண்டி! உசிலம்பட்டிப் பக்கத்துக் காட்டுக்காரரு, அதுக்கு முந்தி நடிச்சதேயில்ல. அவரு போய்ச் சேந்தப்பறம் படம் வந்துது, தேசிய விருதுல பேருஞ் சொன்னாங்க. நா இன்னும் இருக்கறேன்.

அதனால ஒரு ரோசனை. எவனாச்சும் இந்தப் பக்கம் ஆளு தேடீட்டு வந்தா, தாத்தன் வேசத்துக்கு என்றகிட்டத்தான் கூட்டியாரோணும். நீ வேலைய உடாத. சூட்டிங்குக்கு என்னயக் கார்ல கொண்டுபோயி உடறதுக்கு ஆளு வேணுமல்லோ?