சுமந்தால் சும்மா

முதன்முதலாக அமெரிக்காவுக்கு விமானம் ஏறியபோது என் எடை 58 கிலோ. என்னோடு வந்த பெட்டிகளின் எடை 64. ஆளுக்கு இரண்டு பெட்டி, பெட்டிக்கு 32 கிலோ என்பது அன்றைய இந்தியா-அமெரிக்கா கணக்கு. ஒருவனுக்கு டிக்கெட் வாங்கினால், அவனைவிடக் கனமான இன்னோர் ஆளின் எடையை விமானக் கம்பெனி இனாமாகத் தூக்கிக்கொண்டு போனது. இது பெரிய சலுகை என்று எங்களில் ஒருவருக்கும் தோன்றவில்லை. டிக்கெட் வாங்கியாயிற்று, பெட்டியும் கூட வரும், அவ்வளவுதான்.

எங்கள் திருச்சி வீட்டில் பெட்டி கட்டும் பொறுப்பு பெரியப்பாவுடையது. தில்லை நகரில் ஒரு டாக்டர் வீட்டிலிருந்து, ஏறி நின்று பார்க்கும் எடை மெஷினை இரவல் வாங்கி வந்தார். முதலில் அவர் மட்டும் ஏறுவார். பிறகு பெட்டியை மார்போடு அணைத்துக்கொண்டு ஏறுவார். இரண்டுக்கும் உள்ள வித்தியாசம்தான் பெட்டியின் எடை. சிக்கல் என்னவென்றால், பெட்டியைக் கட்டிப் பிடித்திருப்பவருக்குக் காலடியில் ஆடும் முள் தெரியாது. அதற்காகச் சித்தப்பா மகன் தரையில் குப்புறப் படுத்து வாசிப்பான். “முப்பத்தொண்ணரை, பெரியப்பா!” பெரியப்பா முகம் வாடிவிடும். “அரை கிலோ வீணாப் போகுதே. அந்த இட்லிப் பொடி டப்பாவை எடுத்தா.” எடை மெஷினுக்கு அன்று நிரப்புகிற வேலை. அரை கிலோ இடத்தைச் சும்மா விட்டு அனுப்புவது குடும்பத்துக்கே கௌரவக் குறைச்சல்.

அமெரிக்காவுக்குள் பறக்கும்போதும் அன்று இரண்டு பெட்டி இலவசம். விமான நிலைய வாசலில் காரை நிறுத்தினால், தொப்பி போட்ட ஸ்கைகேப் என்ற போர்ட்டர் ஒருவர் அங்கேயே பெட்டியை வாங்கி டேக் கட்டிவிடுவார். பெட்டிக்கு ஒரு டாலர் டிப்ஸ். அதன்பிறகு ஒரு பத்திரிகையை மட்டும் சுருட்டிக் கையில் பிடித்துக்கொண்டு துரைமாதிரி கேட்டுக்கு நடக்கலாம். இழுவைக் கைப்பிடியும் சக்கரமும் வைத்த சின்னப் பெட்டியை அன்று பெரும்பாலும் விமான ஊழியர்கள்தான் இழுத்துக்கொண்டு போவார்கள். அதை 1987-ல் உருவாக்கியவரே ராபர்ட் பிளாத் என்ற நார்த்வெஸ்ட் விமானிதான். தினமும் பறக்கிறவர்களுக்கு அது சரி, நமக்கு எதற்கு என்று நினைத்தோம்.

பெட்டிக்குக் காசு என்பது அந்த நாட்டில் கேள்விப்படாத விஷயமும் அல்ல. என்னோடு வேலை பார்த்த மூத்த அமெரிக்கர் ஒருவர் பீப்பிள் எக்ஸ்பிரஸ் கதையைச் சொல்லிச் சொல்லிச் சிரிப்பார். 1981-ல் நூவர்க்கில் தொடங்கிய மலிவு விமானக் கம்பெனி அது. டிக்கெட் காசையே பறக்கும்போது நடைவழியில் வந்துதான் வசூலிப்பார்கள். கீழே போடும் பெட்டிக்கு 3 டாலர், தின்பண்டத்துக்குத் தனிக் காசு. 1987-ல் கான்டினென்டலோடு இணைந்து மறைந்தது. “பஸ்ஸுக்கு இறக்கை வைத்திருந்தார்கள்” என்பார் அவர். அவர் ஓய்வு பெற்ற பிறகு எல்லாக் கம்பெனிகளும் அந்த பஸ்ஸாகிவிட்டன.

2008 மே மாதம் அமெரிக்கன் ஏர்லைன்ஸ் அறிவித்தது: ஜூன் 15 முதல் வாங்கும் டிக்கெட்டுகளுக்கு, உள்நாட்டுப் பயணத்தில் முதல் பெட்டிக்கே 15 டாலர். இரண்டாவது பெட்டிக்குக் காசு கேட்பது சில வாரங்களுக்கு முன்பே தொடங்கியிருந்தது. முதல் பெட்டியில் கை வைத்த முதல் பெரிய கம்பெனி இதுதான். காரணம் எண்ணெய் விலை. ஜூலையில் கச்சா எண்ணெய் பீப்பாய் 147 டாலரைத் தொட்டது. பாவம், அவர்கள்தான் என்ன செய்வார்கள் என்று மதிய உணவு மேஜையில் நானே பரிந்து பேசினேன். யுனைடெட்டும் யுஎஸ் ஏர்வேஸும் பின்னாலேயே வந்தன. டெல்டா டிசம்பரில்தான் முதல் பெட்டிக்கு வசூலிக்க ஆரம்பித்தது. அதற்குள் எண்ணெய் 40 டாலர் பக்கம் விழுந்து கிடந்தது. காரணம் போய்விட்டது, கட்டணம் போகவில்லை. வேலை கிடைக்கும்வரை என்று ஒரு மாதம் தங்க வந்து, வேலை கிடைத்த பிறகும் மாடி அறையைக் காலி செய்யாத ஒன்றுவிட்ட மச்சான் மாதிரி அது உட்கார்ந்துவிட்டது. உட்கார்ந்ததோடு வளரவும் செய்தது: 25, 30, 35, 2024-ல் சில கம்பெனிகளில் விமான நிலையத்தில் கட்டினால் 40 டாலர்.

அமெரிக்கப் போக்குவரத்துத் துறை இந்த வசூலைத் தனியாகக் கணக்கு வைக்கிறது. 2007-ல் எல்லாக் கம்பெனிகளும் சேர்ந்து பெட்டியில் சம்பாதித்தது சுமார் 46 கோடி டாலர், பெரும்பாலும் அதிக எடைக்கும் கூடுதல் பெட்டிக்கும் வாங்கியது. 2009-ல் 270 கோடி. 2023-ல் 700 கோடியைத் தாண்டியது. இதில் ரசிக்கத்தக்க நுணுக்கம் ஒன்று உண்டு. உள்நாட்டு டிக்கெட் விலையில் ஏழரை சதவீதம் மத்திய வரி. ஓடுபாதைகளுக்கும் வான்வழிக் கட்டுப்பாட்டுக்கும் போகிற பணம் அது. பெட்டிக் கட்டணத்துக்கு அந்த வரி கிடையாது. அதே டாலர் டிக்கெட்டாக வந்தால் அரசுக்குப் பங்கு, பெட்டியாக வந்தால் முழுசும் கம்பெனிக்கு. எண்ணெய் விலை எவ்வளவு இறங்கினால் என்ன, இதை யார் விடுவார்கள்?

நியாயத்தையும் சொல்ல வேண்டும். கணினிப் பை ஒன்றோடு ஏறுகிறவர் என் பெரியப்பாவின் 64 கிலோவுக்குச் சத்தமில்லாமல் பங்கு கொடுத்துக்கொண்டுதான் இருந்தார். அவர் டிக்கெட் கொஞ்சம் குறையட்டும் என்பது சரியான வாதம். ஆராய்ந்த பொருளாதார நிபுணர்களும் டிக்கெட் விலை குறைந்ததாகத்தான் கண்டார்கள். ஆனால் பெட்டிக் கட்டணம் ஏறிய அளவுக்குக் குறையவில்லை. வெறுங்கையோடு போகிறவருக்கு லாபம், பெட்டியோடு போகிறவருக்கு மொத்தத்தில் நஷ்டம். விமானத்தின் வயிற்றில் ஏற்ற வேண்டிய சாமான் குறைந்ததால் புறப்பாடு கொஞ்சம் நேரத்துக்கு நடந்தது என்றும் ஓர் ஆய்வு சொன்னது. வயிற்றில் குறைந்த சாமான் எங்கே போனது என்பதுதான் மிச்சக் கதை.

அது நம் கைக்கு வந்தது. காசு கட்டாமல் தப்பிக்க நாம் என்னென்ன செய்கிறோமோ, அதில்தான் இந்தக் கட்டணத்தின் சாமர்த்தியம் இருக்கிறது. முதலில் நாமே போர்ட்டரானோம். ஒரு டாலரில் ஸ்கைகேப்பிடம் பெட்டியை ஒப்படைத்த நாங்கள், 22 அங்குலம் நீளம், 14 அகலம், 9 தடிமன் என்று அளந்து வாங்கிய பெட்டியைப் பாதுகாப்புச் சோதனை, கழிப்பறை, காபிக் கடை எங்கும் இழுத்துத் திரிகிறோம். 2011-ல் உள்நாட்டுப் பாதுகாப்புத் துறை அமைச்சர் ஜேனட் நெப்போலிடானோ செனட் குழுவிடம் சொன்ன கணக்கு இது: கையில் வரும் பைகள் பெருகியதால் சோதனைச் செலவு ஆண்டுக்கு 26 கோடி டாலர் கூடுகிறது. கம்பெனி மிச்சம் பிடித்த வேலைக்குச் சம்பளம் வரி கட்டுகிறவர் பாக்கெட்டிலிருந்து போகிறது.

அடுத்தது கிரெடிட் கார்டு. கம்பெனியின் பெயர் பொறித்த கார்டை வாங்கினால் முதல் பெட்டி இலவசம் என்றார்கள். முன்பு எல்லோருக்கும் இலவசமாக இருந்ததை, ஆண்டுச் சந்தா கட்டி இலவசமாகப் பெற்றுக்கொண்டு, கெட்டிக்காரத்தனம் செய்துவிட்டதாக நண்பர்களிடம் பீற்றிக்கொண்டேன். வங்கி கம்பெனிக்குக் காசு கொடுக்கிறது, நான் வங்கிக்குக் கொடுக்கிறேன், பெட்டி மட்டும் பழையபடி சும்மா போகிறது.

கேட்டில் நடப்பதுதான் உச்சம். எல்லோரும் கையில் பெட்டியோடு வருவதால் மேல்தட்டில் இடம் போதாது. ஏறுவதற்கு இருபது நிமிடம் இருக்கும்போது மைக்கில் கெஞ்சல் வரும்: விமானம் நிரம்பிவிட்டது, கைப்பெட்டியைக் கீழே அனுப்பச் சம்மதிப்பவர்கள் வரலாம், கட்டணம் இல்லை. ஒழுங்காகக் கவுண்டரில் காசு கட்டிவிட்டு வந்தவர் இதைக் கேட்டுக்கொண்டு பக்கத்து நாற்காலியில் உட்கார்ந்திருப்பார். என் நண்பர் ஒருவர் இந்த அறிவிப்பை நம்பியே பயணம் செய்கிறார். கத்திரிக்கோலையும் ஷாம்பூ பாட்டிலையும் வீட்டில் வைத்துவிட்டு, மற்றதையெல்லாம் கேட் வரை இழுத்துவந்து புன்னகையோடு ஒப்படைப்பார்.

மலிவுக் கம்பெனிகள் இந்த வழியை அடைத்துவிட்டன. ஸ்பிரிட் 2010-லேயே மேல்தட்டுப் பெட்டிக்கும் காசு கேட்க ஆரம்பித்தது. 2024-ல் வந்த செனட் விசாரணை அறிக்கையின்படி, ஸ்பிரிட்டும் ஃபிரான்டியரும் 2022, 2023 ஆகிய இரண்டு ஆண்டுகளில் கேட்டில் அளவு மீறிய பைகளைப் பிடிக்கிறவர்களுக்கு ஊக்கத்தொகையாக 2 கோடியே 60 லட்சம் டாலர் கொடுத்திருக்கின்றன. பிடித்தால் கமிஷன். கட்டணத்துக்கு ஆள் தராதரமும் தெரியாது. 2011-ல் ஆப்கானிஸ்தானிலிருந்து திரும்பிய ராணுவ வீரர்களிடம் பால்டிமோரில் டெல்டா கூடுதல் பெட்டிகளுக்கு 2,800 டாலருக்கு மேல் வாங்கியது. வீரர்கள் வீடியோ எடுத்துப் போட்டார்கள். ஓரிரு நாளில் விதி மாறியது. நம் பெட்டிக்கெல்லாம் வீடியோ எடுத்தால் யார் பார்ப்பார்கள்?

என் அத்தை திருச்சியிலிருந்து எங்கள் சிகாகோ வீட்டுக்கு வந்து தங்கிவிட்டு, டல்லாஸில் இருக்கும் மகன் வீட்டுக்குக் கிளம்பினார். உள்நாட்டு டிக்கெட் தனி. பெட்டிக்குக் காசு கட்டியாயிற்று. கவுண்டர் தராசில் வைத்தால் 51.5 பவுண்டு. எல்லை 50. தாண்டினால் நூறு டாலர் என்றாள் கவுண்டர் பெண், வருத்தத்தோடுதான். அத்தை தரையில் சம்மணம் போட்டு உட்கார்ந்து பெட்டியைத் திறந்தார். சுற்றிலும் இன்னும் இரண்டு குடும்பங்கள் அதே கோலத்தில் உள்பாவாடை, துண்டு, ஷூ என்று பரப்பி வைத்திருந்ததால் வெட்கப்பட ஒன்றுமில்லை. புடவைகளுக்கு நடுவே பழைய பெட்ஷீட்டில் சுற்றியிருந்த பித்தளைக் குத்துவிளக்கை உருவித் தோள்பையில் திணித்தார். பெட்டி 48 ஆனது. பெல்ட் ஓடியது. தோள்பை ஒரு பக்கமாக இழுக்க, அத்தை நடந்தபடியே கேட்டார்.

“ஏம்ப்பா, பெட்டியை நிறுத்துப் பாக்குறாங்களே, என்னையும் நிறுப்பாங்களா?”

“இல்ல அத்தை.”

“அப்ப இந்த வெளக்கும் நானும் ஒரே ஏரோப்ளேன்லதானே போறோம்? கீழ வச்சா நூறு டாலர், என் தோள்ல தொங்கினா சும்மாவா?”

அறிக்கை எழுதுகிறவர்கள் யாரும் இவ்வளவு சுருக்கமாகக் கேட்கவில்லை. பாதுகாப்புச் சோதனையில் விளக்கைத் தனித்தனியாகக் கழற்றிப் பார்த்து, உச்சியில் இருக்கும் அன்னத்தை ஓர் அதிகாரி வெகுநேரம் திருப்பிக்கொண்டிருந்தார். அது வேறு கதை.

கடைசிவரை தாக்குப்பிடித்தது சவுத்வெஸ்ட். இரண்டு பெட்டி இலவசம் என்பதையே விளம்பரமாக்கி ஓட்டியவர்கள். 2024 செப்டம்பரில்கூட முதலீட்டாளர்களிடம் கணக்குப் போட்டுக் காட்டினார்கள்: கட்டணம் வைத்தால் 150 கோடி டாலர் வரை வரும், ஆனால் வாடிக்கையாளர்கள் விலகுவதால் 180 கோடி போகும். எல்லியட் என்ற முதலீட்டு நிறுவனம் பங்குகளை வாங்கிக்கொண்டு ஏற்கெனவே கழுத்தில் உட்கார்ந்திருந்தது. அரை வருஷத்தில் கணக்கு மாறிவிட்டது. 2025 மே 28 முதல் வாங்கும் டிக்கெட்டுகளில், பெரும்பாலோருக்கு முதல் பெட்டிக்கு 35 டாலர், இரண்டாவதற்கு 45.

சியாட்டிலில் வேலை பார்க்கும் என் மகளுக்கு இதில் எந்தப் புகாரும் இல்லை. கீழே பெட்டி போடுவது வயதானவர்கள் செய்யும் காரியம் என்பது அவள் எண்ணம். தேங்க்ஸ்கிவிங் விடுமுறைக்கு வந்தபோது முதுகில் ஒரு பை, கக்கத்தில் ஒரு தலையணை. தலையணையைப் பெரும்பாலும் பையாகக் கணக்கெடுப்பதில்லையாம். பஞ்சை எடுத்துவிட்டு உள்ளே நாலு ஜீன்ஸும் ஒரு ஸ்வெட்டரும் அடைத்திருந்தாள். பெரியப்பா இருந்திருந்தால் அவளைக் கட்டிப் பிடித்து ஆசீர்வாதம் செய்திருப்பார்.

ஊறுகாயில்தான் வந்தது வம்பு. என் மனைவி போட்ட எலுமிச்சை ஊறுகாய், பெரிய பாட்டில். கையில் கொண்டுபோக முடியாது, 100 மில்லிக்கு மேல் எண்ணெய், குழம்பு, ஊறுகாய் எதையும் சோதனையில் விடமாட்டார்கள். கீழே போடுவதென்றால் அதற்கென்று ஒரு பெட்டி, 40 டாலர். இந்தியக் கடையில் ஐந்து டாலருக்கு ஒரு பாட்டில் வாங்கிக்கொள்ளட்டும் என்று வாய் தவறிச் சொன்னேன். சமையலறையில் பாத்திரச் சத்தம் கூடியது.

“தபால்ல போடுங்கப்பா. பாதிக் காசுதான் ஆகும்” என்றாள் மகள்.

மூன்று சுற்று பிளாஸ்டிக் கட்டி வெள்ளிக்கிழமை தபாலாபீஸில் போட்டுவிட்டு வந்தேன். ஞாயிறு இரவு கிளம்ப வேண்டிய அவள் விமானம் பனியில் ரத்தாகி, செவ்வாய்க்கிழமை மதியம்தான் வீடு போய்ச் சேர்ந்தாள். ஊறுகாய் திங்கட்கிழமையே வந்து வாசலில் உட்கார்ந்திருந்ததாம்.