ஷீட்ல இருக்கு, மாமா

ஜப்பான் அனிமே பித்துப் பிடித்த இவரிடம் "எப்போ கிளம்பறோம்?" என்று கேட்கக் கூடாது. "ஷீட்ல இருக்கு" என்பார். "எங்கே தங்கறோம்?" ஷீட்ல இருக்கு. "பசிக்குதேப்பா?" அதுவும் ஷீட்டில் இருக்கிறது, பிற்பகல் 1:40க்கு.

அந்த ஷீட்டை நீங்களும் பார்த்திருப்பீர்கள். குடும்ப வாட்ஸ்அப் குழுவில் நள்ளிரவில் வந்து விழும். முதலில் 'டோக்கியோ ஃபைனல்'. மறுநாள் 'டோக்கியோ ஃபைனல் புதுசு'. அதற்கும் மறுநாள் 'இதை மட்டும் பார்க்கவும்'. மூன்று ராத்திரிப் பயணத்துக்கு அறுபத்துச் சொச்சம் வரிசை. இளஞ்சிவப்பு என்றால் போயே தீர வேண்டிய இடம், மஞ்சள் என்றால் முடிந்தால், பச்சை என்றால் ரயில். ஓரமாகச் சாம்பல் நிறத்தில் மெலிசாக ஒரு கோடு தெரியும். அது தூக்கம்.

மற்றபடி மனிதர் திட்டம் போடுகிற ரகமே இல்லை. கேஸ் சிலிண்டர் தீர்ந்து அடுப்பு அணைந்த பிறகுதான் அடுத்ததற்கு புக் பண்ணுவார். வண்டிக்கு இன்ஷூரன்ஸ் முடிந்துபோனதை டிராஃபிக் போலீஸ்காரர் சொல்லித்தான் தெரிந்துகொள்வார். ஆனால் டோக்கியோவில் அனிமே பொம்மைக் கடைகள் நிறைந்த நகானோ பிராட்வேயில் பாதிக் கடைகள் பகல் 12 மணிக்கு மேல்தான் ஷட்டர் தூக்கும் என்பது மனப்பாடம். ஆகவே அன்று காலை சும்மா போய்விடக் கூடாதென்று யோட்சுயா பக்கம் சுகா கோயில் படிக்கட்டு. 'யுவர் நேம்' படத்தின் கடைசிக் காட்சியில் இரண்டு பேரும் எதிரெதிரே வருவார்களே, அந்தப் படிக்கட்டு. ஏறுவதற்கு 4 நிமிடம், இறங்குவதற்கு 3, திரும்பிப் பார்ப்பதற்கு 2.

உச்சகட்டம் மாதத்தின் 10ஆம் தேதி. மிடாகாவில் 2001இல் திறந்த கிப்லி அனிமே ஸ்டூடியோவின் அருங்காட்சியகத்துக்கு வாசலில் டிக்கெட் கிடையாது. அடுத்த மாதத்துக்கான டிக்கெட் இந்த மாதம் 10ஆம் தேதி ஜப்பான் நேரம் காலை 10 மணிக்கு இணையத்தில் விற்பனைக்கு வரும். நமக்கு ஆறரை. பெரியவர்களுக்கு 1000 யென்தான். காசில் ஒன்றும் இல்லை, கைவேகத்தில்தான் எல்லாம். முந்தின ராத்திரியே வீட்டில் ஆள்பிடிப்பு நடக்கும். அப்பாவுக்கு லேப்டாப், அக்காவுக்கு டேப், அக்கா புருஷனுக்கு அவருடைய ஆபீஸ் போன். "அம்மா, தப்பித் தவறி ரெஃப்ரெஷ் பண்ணிடாதே, வரிசையில இடம் போயிடும்" என்று மூன்று தடவை சொல்லிவிட்டுத்தான் படுப்பார். காலையில் அடுப்பில் பால் பொங்கி வழிகிறது. எழுந்து போய் அணைக்க ஆள் இல்லை. 'நீங்கள் வரிசையில் இருக்கிறீர்கள்' என்கிற பக்கத்தை வீடே மூச்சுவிடாமல் பார்த்துக்கொண்டிருக்கிறது.

அந்த டிக்கெட்டில் ஒரு விதி உண்டு. யார் பெயரில் வாங்கினார்களோ அவர் பாஸ்போர்ட்டோடு நேரில் வர வேண்டும். ஆள் பிடிக்கும்போது இதைச் சொல்ல மாட்டார். கிப்லியின் டோட்டோரோ பூனையா ஆந்தையா என்று தெரியாத ஒரு மனிதர், வருஷ லீவில் நான்கு நாள் வீட்டில் கால் நீட்டிப் படுக்கலாம் என்றிருந்தவர், தூக்கக் கலக்கத்தில் சரியான இடத்தில் விரலை வைத்துவிட்டார் என்பதற்காக விசாவுக்குப் போட்டோ எடுக்க ஸ்டூடியோ வாசலில் நிற்க வேண்டி வருகிறது. பொதுவாகத்தான் சொல்கிறேன். யாரையும் குறிப்பிட்டுச் சொல்லவில்லை.

விமான டிக்கெட்? அது இதற்குப் பிறகுதான். "கிப்லி கிடைக்கலேன்னா டோக்கியோ எதுக்கு மாமா?"

ஜப்பான்காரர்களே இதற்கு வழி செய்து கொடுத்திருக்கிறார்கள் என்பது வேறு விஷயம். 2016இல் அனிமே சுற்றுலாவுக்கென்றே ஒரு சங்கம் தொடங்கி, ஷிகோகு தீவின் 88 கோயில் யாத்திரையை மனதில் வைத்து, கதைகளில் வந்த 88 இடங்களைத் தேர்ந்தெடுத்துப் பட்டியலும் போட்டார்கள். போகிற பக்தர்கள் நிதானமாகத்தான் போகிறார்கள். நம் ஆள் மட்டும் கும்பகோணத்தில் விடியற்காலை ஏற்றிக்கொண்டு ஒன்பது நவக்கிரகத்தையும் காட்டி ராத்திரி இட்லிக் கடை மூடுவதற்குள் இறக்கிவிடுகிற வேன்காரர்.

ஷீட்டில் எனக்குப் புரியாத வரி ஒன்று இருந்தது: 'தகடனோபாபா. இறங்கு, கேள், ஏறு. 5 நிமிடம்.' யாமனோத்தே வட்டப்பாதையில் 30 நிலையங்கள். அதில் இந்த நிலையத்தில் வண்டி கிளம்பும்போது 'அஸ்ட்ரோ பாய்' பாட்டின் மெட்டு ஒலிக்கும். ஒசாமு தெசுகாவின் கதைப்படி அந்த ரோபோப் பையன் 2003 ஏப்ரல் 7 அன்று பிறந்தது இந்த வட்டாரத்தில்தான். ஆக, நாங்கள் மெட்டுக் கேட்க இறங்கினோம். போனை ஒலிபெருக்கிக்குக் கீழே தலைக்குமேல் தூக்கிப் பிடித்துக்கொண்டு கண்ணை மூடி நின்றார். மெட்டு ஆரம்பித்தது. சரியாக அந்த நேரம் பார்த்து அவருடைய அக்கா, "இது எந்த ஸ்டேஷன்டா?" என்றாள். பதிவில் அஸ்ட்ரோ பாயைவிட அவள் குரல்தான் தெளிவு. அடுத்த வண்டி வந்து கிளம்புகிற வரைக்கும் யாரும் வாய் திறக்கக் கூடாது என்று உத்தரவு. சுற்றிலும் ஆபீஸ் போகிற கூட்டம். தும்மல் வந்த நான் மூக்கைப் பிடித்துக்கொண்டு நின்றேன்.

கமாகுரா கோகோ-மாயே நிலையத்துப் பக்கம் கடலை ஒட்டிய ரயில்வே கேட்டும் அப்படித்தான். 'ஸ்லாம் டங்க்' தொடரின் தொடக்கப் பாட்டில் வருகிற கேட். பச்சை நிற எனோடென் வண்டி, பின்னால் கடல், இரண்டும் ஒரே சட்டத்தில் விழ வேண்டும். இவரைப் போலவே போனில் அந்தக் காட்சியை வைத்து ஒப்பிட்டுப் பார்த்துக்கொண்டு ஒரு பெருங்கூட்டம். வண்டி பத்துப் பதினைந்து நிமிடத்துக்கு ஒன்று வரும். ஒவ்வொரு தடவையும் யாராவது ஒருவர் தலை குறுக்கே வரும். அதற்குப் பிறகு ஷீட்டில் இருந்தது: 'மதிய உணவு, கமாகுரா கடைத்தெருவில் நடந்தபடியே, 11 நிமிடம்.' நடந்துகொண்டே சாப்பிட வேண்டாம் என்று 2019இலேயே அந்த ஊர் நகராட்சி விதி எழுதிக் கேட்டுக்கொண்டிருக்கிறது. அது மட்டும் இவர் கண்ணில் படவில்லை. சரி, ஊர் வழக்கத்தை மதித்து உட்கார்ந்து சாப்பிடலாமே என்றேன். சாப்பாட்டு வரியையே எடுத்துவிட்டார்.

அகிஹாபாரா அனிமே கடைத்தெருவைப் பற்றி நான் அதிகம் சொல்ல விரும்பவில்லை. என் பாண்ட் பை நிறைய 100 யென் காசு, காசு போட்டால் பொம்மை தள்ளும் காஷபோன் இயந்திரங்களுக்குப் போட. என் பெட்டியில் இவருடைய பொம்மைகள். அவ்வளவுதான். தமிழில் டப் செய்ததைப் பார்க்கிறவர்களை இவர் மனிதர்களாகவே சேர்ப்பதில்லை என்பதையும் சொல்லிவிடுகிறேன். தமிழ் பேசும் ஷின்சானைப் பார்த்துப் பிள்ளைகளோடு சேர்ந்து சிரித்தவள் என் மனைவி. அவன் ஊரான கசுகாபேயை ஒரு எட்டுப் பார்க்கலாமா என்று கேட்டாள். "அது சைதாமா, அக்கா. ரூட்ல வராது."

கிப்லிக்கும் போனோம். அந்த அருங்காட்சியகத்தில் இப்படித்தான் சுற்ற வேண்டும் என்று வழியே வைக்கவில்லை. வருகிறவர்கள் வழி தவறித் திரியட்டும் என்பதுதான் அவர்கள் கொள்கையே. உள்ளே போட்டோ எடுக்கவும் கூடாது. ஷீட்டில் அதற்கு 14 வரிசை வைத்திருந்தவர் சுழல்படிக்கட்டில் ஏறினார், குட்டி வாசல் ஒன்றில் குனிந்து நுழைந்தார், புறப்பட்ட இடத்துக்கே வந்து சேர்ந்தார். போனைச் சட்டைப் பைக்குள் போட்டுவிட்டார். மாடியில் பஞ்சு மாதிரி மெத்தென்று, டோட்டோரோ படத்தில் வருகிற பூனைப் பேருந்து ஒன்று. பன்னிரண்டு வயது வரை உள்ள பிள்ளைகளுக்கு மட்டும். ஒரு சிறுமி அதன் ஜன்னல் வழியாகத் தலைகீழாகத் தொங்கிக்கொண்டிருந்தாள். முன்வழுக்கை விழ ஆரம்பித்த என் மைத்துனன் கயிற்றுக்கு வெளியே நின்று பார்த்துக்கொண்டே இருந்தான். ஷீட்டில் அதற்கு 'பார்வை மட்டும், 3 நிமிடம்' என்று போட்டிருந்தது. அரைமணி நேரம் நின்றான். நான் மணி பார்க்கச் சொல்லவில்லை. அவன் மேல் இருந்த கோபமெல்லாம் அந்த அரைமணியில் பாதி குறைந்துவிட்டது என்பதையும் ஒப்புக்கொள்ள வேண்டும்.

மீதிப் பாதி இருக்கிறது. கிளம்புவதற்கு முன்பே நான் ஒன்றே ஒன்று கேட்டிருந்தேன். ஏதாவது ஒரு நாள், ஏதாவது ஒரு பெஞ்சில், ஒன்றும் செய்யாமல் உட்கார வேண்டும். மறுக்கவில்லை. "தாராளமா மாமா, சேர்த்துடறேன்" என்றான். 'மாமா சும்மா இருத்தல், ஒடாய்பா, 20 நிமிடம்' என்று மஞ்சளில் வந்தது. மஞ்சள் என்றால் முடிந்தால். ஒடாய்பா போய்ச் சேர்ந்தோம். கடற்காற்று, காலி பெஞ்ச், கையில் இயந்திரத்தில் எடுத்த சூடான காபி டப்பா. உட்கார்ந்து மூடியைக்கூடத் திறக்கவில்லை, தோளைத் தட்டினான். 19.7 மீட்டர் உயர யூனிகார்ன் குண்டம் ரோபோச் சிலை சாயங்காலம் 5 மணிக்கு உருமாறுமாம், கொம்பு பிரியுமாம், உடனே ஓட வேண்டுமாம். பகல் 1 மணிக்கும் 3 மணிக்கும்கூட அது மாறிக்கொண்டுதான் இருந்தது. அப்போதெல்லாம் நாங்கள் வேறு எதற்கோ ஓடிக்கொண்டிருந்தோம்.

அடுத்தது நாகோயா பக்கம் கிப்லி பூங்காவாம். புது ஷீட் வந்துவிட்டது, என் பெயரும் இருக்கிறது. வர முடியாது என்று சொல்லியாகிவிட்டது. மனசு மாறினாலும் மாறலாம். அதற்கு முன் அந்த 20 நிமிடத்தை அவன் கொடுத்தாக வேண்டும். ஒடாய்பா வேண்டாம், நம் வீட்டுத் திண்ணையிலேயே கொடுத்தாலும் வாங்கிக்கொள்வேன்.