முக்கால் ராத்தல்

அமெரிக்காவின் ஒமாஹாவில் இருக்கும் மகளுக்குப் பிரசவ நாள் குறித்துவிட்டார்கள் என்று தெரிந்ததும் என் மனைவி வாங்கிவரச் சொன்ன முதல் சாமான் தராசு. கொக்கியில் பெட்டியை மாட்டித் தூக்கினால் சின்னத் திரையில் எடை காட்டுமே, அந்தத் தராசு. மயிலாடுதுறைக் கடைத்தெருவில் 600 ரூபாய் கொடுத்து வாங்கினேன். பாஸ்போர்ட் எந்த அலமாரியில் இருக்கிறது என்று அன்றைக்கு யாரும் கேட்கவில்லை.

ஆளுக்கு இரண்டு பெட்டி, பெட்டிக்கு 23 கிலோ. ஆக மொத்தம் நான்கு பெட்டி, 92 கிலோ. இந்த 92 கிலோவை அவள் அரசாங்க ஒதுக்கீடு மாதிரி எடுத்துக்கொண்டாள். மார்ச் 31க்குள் செலவழிக்காவிட்டால் திரும்பிப் போய்விடும் என்ற பதற்றம் வீடு முழுக்கப் பரவியது.

பிரசவ லேகியம் ஒரு தூக்கு. சுக்கு, திப்பிலி, பூண்டு ஊறுகாய், புளிக்காய்ச்சல், மூன்று விதப் பொடி. இரும்புத் தோசைக்கல் ஒன்று. “அங்கே கிடைக்கிற கல்லுல தோசை ஒட்டவே ஒட்டாதாம். கொஞ்சமாவது ஒட்டி, சுரண்டி எடுத்தாத்தானே தோசை!” என்றாள். எதிர்வாதம் எனக்கு வரவில்லை.

பச்சைக் கறிவேப்பிலையை மட்டும் தடுத்துவிட்டேன். அதில் ஒட்டிக்கொண்டு போகும் ஒரு பூச்சியால் ஆரஞ்சு, எலுமிச்சை மரங்களுக்கு நோய் வரும் என்பதால் அமெரிக்காவுக்குள் அதைக் கொண்டுபோகக் கூடாது. “இவ்வளவு பெரிய நாடு ஒரு கொத்துக் கறிவேப்பிலைக்குப் பயப்படுதா?” என்று கேட்டுவிட்டு, அத்தனையையும் வறுத்துப் பொடியாக்கிவிட்டாள். அடுத்து கொப்பரை. அது தானாகவே சூடேறித் தீப்பிடிக்கக்கூடிய சரக்கு, விமானத்தில் ஏற்ற மாட்டார்கள் என்றேன். “உங்க சித்தப்பா மாதிரின்னு சொல்லுங்க” என்று எடுத்து வைத்தாள்.

பிறகு எடை போடும் படலம். தராசைப் பிடித்துத் தூக்குவது நான். திரையைப் பார்ப்பது அவள். 22.7 என்று வந்தால் முகம் வாடும். “முந்நூறு கிராம் வீணாப் போகுதே!” உடனே ஒரு பொட்டலம் மணத்தக்காளி வற்றல் மூலையில் செருகப்படும். வற்றல், வடாம், அப்பளம் மூன்றும் எங்கள் வீட்டுச் சில்லறைக் காசு. எந்தப் பெட்டியில் எவ்வளவு குறைகிறதோ அதைக்கொண்டு நிரவிவிடலாம். நள்ளிரவுக்கு மேல் நான்கு பெட்டியும் நான்கு முறையும் 23.0 காட்டின. முப்பது வருஷம் கூட்டுறவு வங்கியில் கணக்கு முடித்தவன் நான். சாயங்காலம் ரொக்கம் பைசா சுத்தமாக நின்ற நாட்களைக் கை விரலில் எண்ணிவிடலாம். அவளைப் பார்த்துப் பெருமையாகத்தான் இருந்தது.

சென்னைக்கு ரயிலில் வந்தோம். ரயிலிலும் விதி உண்டு; ஸ்லீப்பருக்கு 40 கிலோ வரைதான் இலவசம். ஆனால் எங்களோடு ஏறிய ஒருவர் தையல் மிஷின், இரண்டு வாழைத்தார், ஒரு மாமியார் சகிதம் வந்தார். யாரும் தராசைத் தூக்கிக்கொண்டு வரவில்லை. விதி என்பது எழுதி வைப்பதற்கு என்று வாழ்ந்து பழகிய நாங்கள், அதை எடை போட்டுப் பார்க்கும் ஊருக்குப் புறப்பட்டோம்.

இங்கே மாப்பிள்ளையின் சாமர்த்தியத்தைச் சொல்லியாக வேண்டும். “மாமா, சிகாகோ வரைக்கும் ஒரு டிக்கெட். அங்கிருந்து ஒமாஹாவுக்குத் தனி டிக்கெட். 120 டாலர் மிச்சம்” என்று சொல்லியிருந்தார். ஒரே டிக்கெட்டாக எடுத்திருந்தால், முதல் விமானத்தின் பெட்டிக் கணக்கே கடைசி ஊர் வரைக்கும் செல்லும். தனித்தனியாக எடுத்தால் சிகாகோவில் இறங்கிய நிமிஷம் நாம் அநாதை. இது மாப்பிள்ளைக்குத் தெரியாது. தெரிந்தபின் சொல்லிக் காட்ட நமக்கு உரிமை கிடையாது, மாப்பிள்ளை.

சிகாகோவில் பெட்டிகளை எடுத்துக்கொண்டு உள்நாட்டு விமானத்தின் கவுண்டருக்குப் போனோம். முதல் பெட்டிக்கு 35 டாலர், இரண்டாவதற்கு 45. ஆளுக்கு 80, இரண்டு பேருக்கு 160. மிச்சம் பிடித்த 120 அங்கேயே போயிற்று. மேற்கொண்டு 40 நஷ்டம். சரி, தொலையட்டும் என்று கார்டை நீட்டினேன். அந்தப் பெண் கார்டை வாங்காமல் முதல் பெட்டியைத் தராசில் ஏற்றினாள். 50.7 என்று வந்தது.

எனக்கு மயக்கம் வந்தது. 23 கிலோ எப்படி 50 கிலோ ஆகும்? விமானத்தில் ஏறினால் காது அடைக்கும் என்று தெரியும். பெட்டி பெருக்கும் என்று யாரும் சொல்லவில்லை. பிறகுதான் புரிந்தது, அது பவுண்டு. எங்கள் தாத்தா காலத்து ராத்தல்! ஒரு ராத்தலுக்கு 453 கிராம் சொச்சம். எங்கள் பயணச்சீட்டிலேயே ‘23 கிலோ, 50 பவுண்டு’ என்று இரண்டையும் அண்ணன் தம்பி மாதிரி பக்கத்தில் போட்டிருந்தார்கள். ஆனால் கணக்குப் போட்டால் 23 கிலோ என்பது 50.7 ராத்தல். அந்த 0.7, அதாவது முக்கால் ராத்தலுக்குக் கொஞ்சம் குறைவு, 320 கிராம், பசிபிக் பெருங்கடலிலோ அட்லாண்டிக்கிலோ எங்கோ முளைத்திருக்கிறது.

“50க்கு மேல் போனால் பெட்டிக்கு 100 டாலர்” என்றாள் அந்தப் பெண், சிரித்த முகமாக. நான்கு பெட்டியும் 50.7. மனைவியின் துல்லியம் எங்களை நான்கு முறை காட்டிக்கொடுத்தது. 1,280 கிராமுக்கு 400 டாலர். அந்த விலைக்கு ஏலக்காய்கூட விற்காது.

“திறங்க பெட்டியை” என்றாள் என் மனைவி.

விமான நிலையத் தரையில், நாற்பது பேர் வரிசை பார்த்துக்கொண்டிருக்க, குடும்பப் பெட்டியைத் திறந்து உட்கார்ந்த அனுபவம் உங்களுக்கு உண்டா? நம் ஊர் வரிசை என்றால் நாலு பேர் திட்டுவார்கள். இரண்டு பேர் கூட உட்கார்ந்து யோசனை சொல்வார்கள். அமெரிக்க வரிசை ஒன்றுமே சொல்லாது. பார்க்கும். என் பனியன்கள், அவளுடைய மூட்டுவலித் தைலம், உருட்டிச் செருகியிருந்த பழைய வேட்டித் துணி (பிறக்கப்போகும் பேரப்பிள்ளைக்கு) எல்லாம் சிகாகோவின் பார்வைக்கு வந்தன. பேசாமல் 400 டாலரைக் கட்டிவிடலாமா என்று ஒரு கணம் தோன்றியது. அப்போதுதான் எனக்கு இந்தத் தொழிலின் ரகசியம் பிடிபட்டது. அவர்கள் எடைக்கு விலை வைக்கவில்லை. வெட்கத்துக்கு வைத்திருக்கிறார்கள். ‘பெட்டியைத் திறக்காமல் மானத்தோடு போக எவ்வளவு தருவாய்?’ என்பதுதான் அந்தத் தராசின் கேள்வி.

என் மனைவியிடம் அந்தக் கேள்வி செல்லவில்லை. எதை எடுப்பது என்று அவள் யோசித்த வேகத்தைப் பார்த்திருந்தால் எங்கள் வங்கித் தலைமை அலுவலகம் அவளைத் தணிக்கைக்கு எடுத்துக்கொண்டிருக்கும். லேகியத்தைக் கையில் கொண்டுபோக முடியாது. 100 மில்லிக்கு மேல் குழைவாக இருந்தால் பாதுகாப்புச் சோதனையில் பிடுங்கிவிடுவார்கள். தோசைக்கல்லை விமானத்துக்குள் விட மாட்டார்கள்; அது ஆயுதமாம். (எங்கள் கல்யாணமான புதிதில் எனக்கும் அந்தச் சந்தேகம் இருந்தது.) மிச்சம் வற்றல்தான். நான்கு பெட்டியிலும் கண்ணை மூடிக்கொண்டு மூலையில் கையை விட்டாள். நான்கு பொட்டலம் வெளியே வந்தது. போட்டவளுக்குத்தானே தெரியும்! நான்கையும் கைப்பைக்குள் மடித்து வைத்திருந்த மஞ்சப்பையில் போட்டு மணிக்கட்டில் மாட்டிக்கொண்டாள். தராசு 50க்கு இறங்கியது. 400 டாலர் ஆவியாகிவிட்டது.

“அது என்ன?” என்று பையைக் காட்டிக் கேட்டாள் கவுண்டர் பெண்.

“பெர்சனல்” என்றாள் என் மனைவி.

கைப்பெட்டி போக, சொந்த உபயோகத்துக்கு ஒரு சின்னப் பை ஆளுக்கு இலவசம் என்பது அந்த நாட்டு வழக்கம். அதற்குப் பெயரே ‘பெர்சனல் ஐட்டம்’ என்று அவளுக்கு அப்போது தெரியாது. குலதெய்வம் சொல்லிக் கொடுத்திருக்க வேண்டும்.

இப்போது கணக்கைப் பாருங்கள். அதே வற்றல், அதே விமானம், அதே 1,280 கிராம். எரிபொருளில் ஒரு சொட்டு மிச்சமில்லை. பெட்டியின் வயிற்றில் இருந்தால் 400 டாலர்; மணிக்கட்டில் தொங்கினால் ஒன்றுமில்லை.

விமானத்துக்கு இரண்டு மணி நேரம் இருந்தது. அடிபட்ட கணக்கப்பிள்ளை சும்மா இருப்பானா? ஃபோனை எடுத்துத் தோண்ட ஆரம்பித்தேன்.

பெட்டிக்குக் காசு வாங்கும் இந்தக் கைங்கரியத்தை 2006ல் பிரிட்டனின் ஃப்ளைபீ போன்ற மலிவு விலை விமானங்கள் தொடங்கி வைத்தன. அமெரிக்காவில் பெரிய நிறுவனங்களில் முதல் பெட்டிக்கே காசு என்று முதலில் துணிந்தது அமெரிக்கன் ஏர்லைன்ஸ். 2008 ஜூனில், 15 டாலர். இதே நிறுவனம்தான் 1980களில் பயணிகளின் சாலட்டிலிருந்து ஆளுக்கு ஓர் ஆலிவ் காயை எடுத்துவிட்டு வருஷத்துக்கு 40,000 டாலர் மிச்சம் பிடித்ததாகச் சொல்வார்கள். ஒற்றைக் காயிலேயே அவ்வளவு பார்த்தவர்கள் பெட்டியை விடுவார்களா?

காரணம் என்னவோ நியாயமாகத்தான் சொன்னார்கள். அந்த ஜூலையில் கச்சா எண்ணெய் பீப்பாய்க்கு 147 டாலரைத் தொட்டது. டிசம்பரில் 40க்கும் கீழே இறங்கியது. பெட்டிக் கட்டணம் இறங்கவில்லை. நம் ஊரில் பெட்ரோல் விலை ஏறியதென்று டீக்கு இரண்டு ரூபாய் ஏற்றினவர் என்றைக்காவது இறக்கியிருக்கிறாரா? டீக்கடைக்கு ஒரு நியாயம், விமானத்துக்கு ஒரு நியாயமா?

2007ல் அமெரிக்க விமான நிறுவனங்கள் பெட்டி வகையில் வாங்கியது சுமார் 46 கோடி டாலர். 2009ல் 270 கோடி. 2023ல் 700 கோடியைத் தாண்டிவிட்டது. இதில் இன்னொரு நுணுக்கம் உண்டு. அந்த நாட்டில் உள்நாட்டு டிக்கெட் விலையில் 7.5 சதவீதம் அரசாங்கத்துக்கு வரி கட்ட வேண்டும். பெட்டிக் கட்டணத்துக்கு அந்த வரி கிடையாது. 35 டாலரை டிக்கெட்டில் சேர்த்தால் அரசாங்கம் கையை நீட்டும். பெட்டியில் சேர்த்தால் முழுசும் நமக்கு. படித்ததும் என்னை அறியாமல் கை கூப்பினேன். பயணியாக வயிறு எரிந்தது. கணக்கனாக மெய் சிலிர்த்தது.

நம் பாஷையில் சொன்னால் முழுச் சாப்பாட்டை அளவுச் சாப்பாடாக மாற்றிவிட்டார்கள். நம் ஹோட்டல்காரர்கள் இன்னும் விழித்துக்கொள்ளாதது நம் முன்னோர் செய்த புண்ணியம். இரண்டு இட்லி வாங்கிக்கொண்டு நாலு கரண்டி சாம்பார், மூன்று வகைச் சட்னி என்று குளிப்பாட்டுகிறோம். முதல் கரண்டி சாம்பாருக்கு 35 ரூபாய், இரண்டாவதற்கு 45 என்று ஒருநாள் போர்டு வைத்தால் என்ன செய்வோம்? நாமும் வீட்டிலிருந்து மஞ்சப்பையில் சட்னி கொண்டுபோவோம். ‘பெர்சனல்.’

நம் நாட்டிலும் கதை அப்படித்தான். உள்நாட்டு விமானத்தில் 15 கிலோதான் இலவசம். 15லிருந்து 20 கிலோ வரை கிலோவுக்கு 100 ரூபாய்க்கு மேல் வாங்கக் கூடாது என்று விமானப் போக்குவரத்து இயக்குநரகம் 2016ல் ஒரு கடிவாளம் போட்டுப் பார்த்தது. நிறுவனங்கள் வழக்குப் போட, அடுத்த வருஷமே டில்லி உயர் நீதிமன்றம் அதை அவிழ்த்துவிட்டது.

வாசலில் ஏற அழைத்தார்கள். அடுத்த கூத்து அங்கே. பெட்டிக்குக் காசு என்றதும் அமெரிக்கர்கள் பெட்டியைக் குறைக்கவில்லை. கையோடு கொண்டுவரப் பழகிவிட்டார்கள். ஆளுக்கொரு சக்கரப் பெட்டி, முதுகில் ஒரு மூட்டை, கழுத்தில் ஒரு தலையணை. தலைக்கு மேலே இருக்கும் பரண் அத்தனைக்கும் போதாது. அதனால் முதலில் ஏற அடிதடி. அந்த அடிதடியைப் பார்த்த நிறுவனங்கள் ‘முன்னால் ஏற வேண்டுமா? அதற்கும் காசு’ என்று அதையும் ஒரு சரக்காக்கி விற்கின்றன. நோயைக் கொடுத்தவரே மருந்துக்கடையும் வைத்திருக்கிறார்.

அப்போது ஒலிபெருக்கியில் அறிவித்தார்கள்: “விமானம் நிரம்பிவிட்டது. கைப்பெட்டிகளை இங்கேயே ஒப்படைப்பவர்களுக்கு, கட்டணம் இல்லாமல் கீழே ஏற்றித் தருகிறோம்.” எங்களுக்கு முன்னால் நின்றவர், எங்கள் பெட்டிக்குத் தம்பி என்று சொல்லத்தக்க ஒன்றை ஜம்மென்று இலவசமாக ஒப்படைத்துவிட்டுக் கையை வீசிக்கொண்டு போனார். ஒழுங்காக வரிசையில் நின்று, 160 டாலர் கட்டி, பனியனை ஊருக்குக் காட்டிய நான் பார்த்துக்கொண்டிருந்தேன். வட்டி கட்டி முடித்த மறுநாள் கடன் தள்ளுபடி அறிவித்தால் எங்கள் வங்கிக்கு வந்து சிலர் முறைப்பார்கள். அந்த முகம் எப்படியிருக்கும் என்று அன்றுதான் உள்ளிருந்து தெரிந்துகொண்டேன்.

ஒமாஹாவில் மகள் வீட்டு அலமாரியைத் திறந்தால் மணத்தக்காளி வற்றல் உட்கார்ந்திருக்கிறது. “இந்தியக் கடையில எல்லாம் கிடைக்குதேம்மா!” என்றாள் மகள். மனைவி அதை எடுத்து முகர்ந்து பார்த்துவிட்டு, “கிடைக்கும். ஆனா காயலை” என்று தீர்ப்பு எழுதிவிட்டு மஞ்சப்பையை அவிழ்த்தாள்.

ஆறு மாதம் பேத்தியோடு ஓடிவிட்டது. இதற்குள் இன்னொரு கோட்டையும் விழுந்தது. ‘எங்களிடம் பெட்டி இலவசம்’ என்று சொல்லியே பேர் வாங்கிய சவுத்வெஸ்ட் நிறுவனமும் 2025 மே 28லிருந்து காசு வாங்க ஆரம்பித்தது. மாப்பிள்ளை மட்டும் உற்சாகமாக வந்தார். எங்களுக்குச் சீட்டு எடுத்த நிறுவனத்தின் கடன் அட்டையை வாங்கியிருக்கிறாராம். முதல் பெட்டி ஆளுக்கொன்று இலவசமாம். அட்டைக்கு வருஷச் சந்தா எவ்வளவு என்று கேட்க வாயெடுத்தேன். மனைவி காலை மிதித்தாள்.

வந்த பெட்டி வெறுமனே திரும்பக் கூடாது என்பது நம் வழக்கம். பாதாம், பிஸ்தா, சாக்லேட், ஷாம்பு, ஆயுள் முழுக்கக் காணும் வைட்டமின் மாத்திரை என்று மகள் நிரப்பினாள். பழைய தராசை எடுத்தோம். நான் தூக்கினேன், அவள் பார்த்தாள். நான்கு பெட்டியும் 22.6 கிலோ. நான் மனக்கணக்குப் போட்டேன்: 49.8 ராத்தல். தேறிவிட்டாள்!

“இன்னும் எண்பது எண்பது கிராம் போகுமே, நாலு பெட்டியிலேயும்? இடத்தைக் காலியா விட்டுட்டே?” என்று வம்புக்கு இழுத்தேன்.

“இருக்கட்டும்” என்றாள், பூட்டைப் போட்டபடி. “அவங்களும் பிழைக்கணுமில்ல.”