சுண்டுவிரல் 7 சதவீதம்

சாலை விபத்தில் காயம்பட்டவருக்கு இழப்பீடு வழங்கும் ஏற்பாடு, இந்தியச் சட்டங்களிலேயே கணக்குச் சுத்தமானது. 1923-ஆம் ஆண்டின் தொழிலாளர் இழப்பீட்டுச் சட்டம் உடலுக்கு விலைப்பட்டியலே போட்டிருந்தது. கட்டைவிரல் போனால் சம்பாதிக்கும் திறனில் 30 சதவீதம் இழப்பு, ஆள்காட்டி விரலுக்கு 14, மோதிர விரலுக்கும் சுண்டுவிரலுக்கும் தலா 7. மோதிரத்துக்கென்று தனிச் சலுகை கிடையாது. விபத்து வழக்குகளிலும் இந்தப் பட்டியல் கைகொடுத்து வந்திருக்கிறது.

இடித்த வண்டி நிற்காமல் ஓடிவிட்டால் இன்னும் வசதி. குறுக்கு விசாரணை இல்லை. 2022 ஏப்ரல் முதல் கொடுங்காயத்துக்கு 50,000 ரூபாய், உயிருக்கு 2 லட்சம், ஒரே விலை. வண்டி நின்று தொலைத்தால்தான் வருமானச் சான்று, ஊனச் சான்று, ஹெல்மெட் போட்டிருந்தாரா என்ற ஆராய்ச்சியெல்லாம்.

தீர்ப்பான தொகை வராதபோது தமிழ்நாட்டில் அரசுப் பேருந்தையே ஜப்தி செய்வதுண்டு. அமீனா ஆணையோடு ஏறுவார். பயணிகள் கூடை, பையோடு இறங்குவார்கள். நடத்துநர் விசிலைச் சட்டைப்பையில் போட்டுக்கொள்வார். பிறகு நீதிமன்ற வளாகத்து வேப்பமர நிழலில் பேருந்து ஓய்வெடுக்கும். அங்கே அது யாரையும் இடிப்பதில்லை என்பது இம்முறையின் தனிச்சிறப்பு. ஊன்றுகோலோடு வழக்கில் வென்றவர் மட்டும் வாசலிலேயே நிற்பார். அவர் ஊருக்குப் போகிற ஒரே பேருந்து அதுதான்.